நெருப்பின் மேல் குடியிருப்பவர்கள்

எரிமலை வெடித்தது என்று செய்தி வந்தால் போதும். படிக்கிறவர்கள் எல்லோரும் ஒரே கேள்வியைத்தான் கேட்கிறார்கள்.

"நெருப்பு மலை என்று தெரிந்தும் அதன் பக்கத்தில் ஏன் குடியிருக்கிறார்கள்? மூட்டை முடிச்சைக் கட்டிக்கொண்டு வேறு இடத்துக்குப் போகக்கூடாதா?"

நியாயமான கேள்விதான். ஆனால் ஐஸ்லாந்துக்காரரிடம் போய் இதைக் கேட்டால், அவர் சிரிப்பார். அவர் எங்கே போவார்? அவருடைய தேசம் முழுவதுமே எரிமலை கக்கிப்போட்ட பூமி. ஊர், வயல், சாலை, துறைமுகம் எல்லாம் ஒரு காலத்தில் கொதித்துக்கொண்டிருந்த குழம்பு. அது ஆறிக் கல்லாயிற்று. அந்தக் கல்லின் மேல் புல் முளைத்தது. புல்லைத் தேடி மனிதன் வந்தான். அவ்வளவுதான் அந்த நாட்டின் கதை.

அந்தத் தீவில் இரண்டு ஊர்கள். ஒன்றை 1973-ம் ஆண்டில் எரிமலையோடு போராடிக் காப்பாற்றினார்கள். இன்னொன்றை 2023-ம் ஆண்டில் காலி செய்துவிட்டார்கள். "அன்றைக்கு இருந்த வீரம் இன்றைக்கு இல்லையே!" என்று யாராவது சொல்லக்கூடும். அது தவறு என்பது நமது அபிப்பிராயம். ஏன் தவறு என்று புரிய வேண்டுமானால், அந்தத் தீவு எப்படி உண்டாயிற்று என்பதை முதலில் தெரிந்துகொள்ள வேண்டும்.

வகிடு எடுத்த பூமி

ஐரோப்பாவுக்கு வடமேற்கே, அட்லாண்டிக் சமுத்திரத்தின் நடுவே இருக்கிறது ஐஸ்லாந்து. பரப்பு சுமார் 40 ஆயிரம் சதுர மைல். தமிழ்நாட்டில் ஐந்தில் நான்கு பங்கு. ஆனால் ஜனத்தொகை எவ்வளவு தெரியுமா? 4 லட்சம் கூட இல்லை.

நாம் நிற்கும் பூமி ஒரே துண்டு அல்ல. காய்ச்சிய பாலின் மேல் ஏடு படிகிறது அல்லவா? அது துண்டு துண்டாக விரிந்தால் எப்படி இருக்கும், அப்படித்தான் பூமியின் மேல் ஓடும். பெரிய பெரிய தட்டுகளாகப் பிரிந்து கிடக்கிறது. ஒவ்வொரு தட்டும் மெல்ல மெல்ல நகருகிறது. சில தட்டுகள் மோதிக்கொள்கின்றன. சில உரசிக்கொள்கின்றன. சில விலகிப் போகின்றன.

ஐஸ்லாந்து இருப்பது, இரண்டு தட்டுகள் விலகிப் போகும் இடத்தில். மேற்கே வட அமெரிக்கத் தட்டு. கிழக்கே ஐரோப்பாவும் ஆசியாவும் சேர்ந்த தட்டு. இரண்டும் ஆண்டுக்கு ஏறத்தாழ முக்கால் அங்குலம் விலகுகின்றன. நம்முடைய விரல் நகம் வளரும் வேகத்தைவிடக் குறைவு!

முக்கால் அங்குலம்தானே என்று அலட்சியம் செய்ய வேண்டாம். விலகும்போது இடைவெளி உண்டாகிறது. பூமிக்குள் ஆழத்தில் இருக்கும் பாறை மிகவும் சூடானது. ஆனாலும் மேலே இருக்கும் பாரம் அமுக்கிக்கொண்டிருப்பதால் அது உருகுவதில்லை. தட்டுகள் விலகினால் அந்தப் பாறை மேலே ஏறி வருகிறது. ஏற ஏற, பாரம் குறைகிறது. பாரம் குறைந்தால் பாறையில் ஒரு பகுதி உருகுகிறது. உருகிய குழம்பு வெடிப்புகளின் வழியே மேலே வந்து, ஆறி, புதிய தரையாகிறது.

அட்லாண்டிக் சமுத்திரத்தின் அடியில், வடக்கிலிருந்து தெற்குவரை, ஆயிரக்கணக்கான மைல் நீளத்துக்கு இந்த வேலை நடந்துகொண்டே இருக்கிறது. அங்கெல்லாம் தண்ணீருக்கு அடியில் நடப்பதால் நம் கண்ணுக்குத் தெரிவதில்லை. ஐஸ்லாந்தில் மட்டும் பூமியின் ஆழத்திலிருந்து கூடுதலான சூடு மேலே பொங்கி வருகிறது. அதனால் குழம்பும் அதிகம். குவிந்து குவிந்து, கடலுக்கு மேலே தலையை நீட்டிவிட்டது. அந்தத் தலைதான் ஐஸ்லாந்து.

தலையில் வகிடு எடுத்த மாதிரி, தீவின் நடுவே புதிய பூமி. இரண்டு பக்கமும் போகப் போகப் பழைய பூமி. மேற்குக் கரையிலும் கிழக்குக் கரையிலும் கிடக்கும் மிகப் பழைய பாறைகளுக்கு வயது சுமார் 1 கோடியே 60 லட்சம் ஆண்டுகள். மனிதக் கணக்கில் இது பெரிய எண்ணிக்கை. பூமியின் கணக்கில் ஐஸ்லாந்து ஒரு பச்சைக் குழந்தை.

வகிட்டைக் கண்ணாலேயே பார்க்கலாம். திங்வெல்லிர் என்ற இடத்தில் தரை பிளந்து, மதில் எடுத்த மாதிரி பாறைச் சுவர் நிற்கிறது. கி.பி. 930-ம் ஆண்டில் தேசத்து மக்கள் அங்கே கூடிச் சட்டசபை அமைத்தார்கள். உலகத்தின் மிகப் பழைய சட்டசபைகளில் அதுவும் ஒன்று. அன்று முதல் இன்றுவரை இரண்டு தட்டுகளும் விலகியிருக்கும் தூரத்தைக் கணக்குப் போட்டால் ஏறத்தாழ 70 அடி வரும்.

ஆனால் பூமி தினமும் ஒழுங்காக நகருவதில்லை. இங்கேதான் ஆபத்து இருக்கிறது. பல நூறு ஆண்டுகள் ஒரு இடம் அசையாமல் இருக்கும். உள்ளே இழுவிசை சேர்ந்துகொண்டே இருக்கும். பிறகு ஒரு நாள் சேர்த்து வைத்த கணக்கை ஒரே இரவில் தீர்த்துவிடும். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் வேண்டியிருக்கும்.

கடலில் பிறந்த குழந்தை

தீவு பிறப்பதைக் கண்ணால் பார்த்தவர்களும் உண்டு.

1963 நவம்பர் 14. ஐஸ்லாந்தின் தென்கரையிலிருந்து 20 மைல் தூரத்தில் ஒரு மீன்பிடிப் படகு நின்றிருந்தது. பொழுது விடியும் நேரம். படகின் சமையற்காரர் தூரத்தில் கரும்புகை எழுவதைப் பார்த்தார். ஏதோ கப்பல் தீப்பற்றி எரிகிறது என்று நினைத்தார்கள். உதவி செய்யப் படகைத் திருப்பினார்கள். கிட்டே போனால், கப்பலும் இல்லை, ஒன்றும் இல்லை. கடலே குமுறிக்கொண்டிருந்தது!

அந்த இடத்தில் கடலின் ஆழம் 400 அடிக்கு மேல். அவ்வளவு ஆழத்திலிருந்து சாம்பலும் கல்லும் எழும்பி, மறுநாள் தண்ணீருக்கு மேலே தரை தெரிந்தது. மூன்றரை ஆண்டுகள் நெருப்பு ஓயவில்லை. 1967 ஜூனில் அடங்கியபோது ஒரு சதுர மைல் பரப்புள்ள தீவு கிடைத்துவிட்டது. சுர்ட்சி என்று பெயர் வைத்தார்கள். அவர்களுடைய புராணத்தில் வரும் நெருப்பு அரக்கனின் பெயர் அது.

பிறந்த தீவை அலை சும்மா விட்டதா? அடித்து அடித்துக் கரைத்தது. இப்போது பரப்பில் பாதிதான் மிச்சம். விஞ்ஞானிகள் தவிர வேறு யாரும் அங்கே இறங்க அனுமதி இல்லை. மனிதக் கைபடாத தரையில் முதல் செடி எப்படி முளைக்கிறது, முதல் பறவை எப்படிக் கூடு கட்டுகிறது என்று பார்த்து எழுதுகிறார்கள்.

உள்ளே இருந்து நெருப்பு கொடுக்கிறது. வெளியே இருந்து கடலும் பனியும் எடுத்துக்கொள்கின்றன. ஐஸ்லாந்து முழுவதற்கும் இதுதான் வரவு செலவு.

அடுப்பில்லாத அனல்

நெருப்பு கொடுப்பது தரையை மட்டும் அல்ல.

ரெய்க்யவிக் என்பது ஐஸ்லாந்தின் தலைநகரம். அந்தப் பெயருக்கு அர்த்தம் "புகை சூழ்ந்த குடா" என்பது. புகை என்று ஆதி காலத்தவர் நினைத்தது உண்மையில் வெந்நீர் ஊற்றிலிருந்து எழுந்த ஆவி. அந்த ஊரின் பெண்கள் பல காலம் அழுக்குத் துணியைச் சுமந்துகொண்டு வெந்நீர் ஊற்றுக்குப் போய்த் துவைத்து வந்தார்கள். சில ஊர்களில் ரொட்டி மாவைப் பாத்திரத்தில் போட்டு மூடி, சூடான மண்ணில் புதைத்துவிடுவார்கள். மறுநாள் தோண்டி எடுத்தால் ரொட்டி வெந்திருக்கும். விறகும் வேண்டாம், கரியும் வேண்டாம்!

1930-ம் ஆண்டில் ரெய்க்யவிக்கில் அந்த ஊற்று வெந்நீரைக் குழாய் வழியாகக் கட்டிடங்களுக்குக் கொண்டுவந்தார்கள். இன்று அந்த நாட்டில் பத்தில் ஒன்பது வீடுகளுக்குப் பூமியின் சூடுதான் குளிரைப் போக்குகிறது. குளிர் நாட்டில் இது எவ்வளவு பெரிய சொத்து என்பதை வெயிலில் வாடும் நாம் எளிதில் உணர முடியாது. மின்சாரமும் ஏறக்குறைய முழுவதும் நீர்வீழ்ச்சியிலிருந்தும் பூமியின் ஆவியிலிருந்துமே கிடைக்கிறது.

ஆகவே "ஏன் நெருப்பின் பக்கத்தில் இருக்கிறார்கள்?" என்ற கேள்விக்குப் பாதி பதில் கிடைத்துவிட்டது. அடுப்பங்கரையை விட்டு ஓடிவிடு என்று யாரிடமாவது சொல்வோமா?

கொன்றது நெருப்பு அல்ல

மீதிப் பாதியையும் மறைக்கக்கூடாது.

1783 ஜூன் 8. லாகி என்ற இடத்தில் தரை கிழிந்தது. கிழிசலின் நீளம் 16 மைல்! அதன் வழியே எட்டு மாதம் குழம்பு வழிந்தது. 200 சதுர மைலுக்கு மேற்பட்ட நிலத்தை மூடியது.

அந்தக் குழம்பில் சிக்கி இறந்தவர்கள் என்று பார்த்தால் அநேகமாக யாரும் இல்லை. சாவு வேறு வழியில் வந்தது. சுமார் 12 கோடி டன் கந்தக வாயு வானத்தில் ஏறியது. விஷச் சாம்பல் புல்லில் படிந்தது. அதை மேய்ந்த ஆடு, மாடு, குதிரைகள் பாதிக்கு மேல் மடிந்தன. பிறகு பஞ்சம். ஐஸ்லாந்து மக்களில் ஐந்தில் ஒருவர் செத்துப் போனார். கந்தகப் புகை ஐரோப்பா முழுவதும் பரவி, அங்கேயும் மூச்சுத் திணறலில் பலரைக் கொன்றது.

அப்போது ஐஸ்லாந்து டென்மார்க் மன்னரின் ஆளுகையில் இருந்தது. எஞ்சிய மக்களில் ஒரு பகுதியை டென்மார்க்குக்கே கொண்டு போய்விடலாமா என்ற பேச்சும் அடிபட்டது. நடக்கவில்லை.

யோன் ஸ்டெய்ன்கிரிம்சன் என்ற பாதிரியார் அந்த நாட்களில் இருந்தார். நெருப்புக் குழம்பு ஊரை நோக்கி வந்த ஒரு ஞாயிற்றுக்கிழமை, மக்களைத் தேவாலயத்தில் கூட்டிப் பிரசங்கம் செய்தார். குழம்பு தேவாலயத்தை எட்டாமல் நின்றுவிட்டது. இன்றுவரை அந்தப் பிரசங்கத்தைப் பற்றித்தான் எல்லோரும் பேசுகிறார்கள். நமக்கு அவருடைய இன்னொரு வேலைதான் பெரிதாகத் தோன்றுகிறது. எந்த நாளில் எந்தத் திசையில் குழம்பு வந்தது, காற்றில் என்ன நாற்றம், மாட்டின் காலில் என்ன வீக்கம் என்று கண்டதையெல்லாம் அவர் எழுதி வைத்தார். இன்றைய விஞ்ஞானிகளும் அந்தக் குறிப்பைப் புரட்டுகிறார்கள். பூமி செய்வதைக் கவனித்து எழுதி வைக்கும் பழக்கம் அந்த நாட்டில் அவ்வளவு பழையது.

(2010-ம் ஆண்டில் சாம்பலைக் கக்கி, ஐரோப்பாவின் ஆகாய விமானங்களை ஒரு வாரம் தரையில் நிறுத்திய எரிமலையும் இதே தீவில்தான் இருக்கிறது. அதன் பெயரை வாயால் சொல்வதற்குள் வாசகருக்குப் பொறுமை போய்விடும். ஆகையால் விட்டுவிடுவோம்.)

நள்ளிரவில் கிழிந்த தரை

இனி முதல் ஊருக்கு வருவோம்.

ஹெய்மேய் என்பது ஐஸ்லாந்தின் தென்கரைக்கு அப்பால் உள்ள குட்டித் தீவு. தேசத்தின் மிக முக்கியமான மீன்பிடித் துறைமுகம் அங்கே இருந்தது. ஜனங்கள் சுமார் 5,300 பேர். அந்தத் தீவில் இருந்த எரிமலை ஐயாயிரம் ஆண்டுகளுக்கு மேலாக உறங்கிக் கிடந்தது. அதை எரிமலை என்று யாரும் நினைக்கவே இல்லை.

1973 ஜனவரி 23. இரவு இரண்டு மணி அடிக்க ஐந்து நிமிஷம். ஊரின் கிழக்கு ஓரத்தில் தரை கிழிந்தது. ஒரு மைல் நீளத்துக்கு நெருப்புத் திரை எழும்பியது!

தீயணைப்பு வண்டிகள் ஊதலை ஊதிக்கொண்டு தெருத் தெருவாக ஓடின. ஜனங்கள் குழந்தைகளைத் தூக்கிக்கொண்டு துறைமுகத்துக்கு விரைந்தார்கள். அங்கே ஒரு அதிருஷ்டம் காத்திருந்தது. முதல் நாள் புயல் அடித்ததால் மீன்பிடிப் படகுகள் எல்லாம் கரையிலேயே நின்றன. வயோதிகர்களையும் நோயாளிகளையும் விமானத்தில் ஏற்றினார்கள். பொழுது விடிவதற்குள் அநேகமாக ஊர் முழுவதும் தப்பிவிட்டது.

ஆனால் வீடுகள்? சாம்பல் கூரை மேல் குவிந்தது. கூரை இடிந்துவிடாமல் இருக்க ஆட்கள் மண்வாரியால் தள்ளிக்கொண்டே இருந்தார்கள். ஜன்னல்களில் தகரத்தை அடித்தார்கள். ஒரு பக்கம் குழம்பு வீடுகளை விழுங்கியது. இன்னொரு பக்கம் அது கடலில் இறங்கி, துறைமுகத்தின் வாசலை அடைக்கப் பார்த்தது. துறைமுகம் போனால் ஊர் போயிற்று. மீன் இல்லாமல் அங்கே என்ன பிழைப்பு?

அப்போது தோர்ப்யோன் சிகுர்கெய்ர்சன் என்ற பௌதிகப் பேராசிரியர் ஒரு யோசனை சொன்னார். "கடல் தண்ணீரைப் பாய்ச்சுவோம். குழம்பின் முகப்பு குளிர்ந்து இறுகிவிட்டால், அதுவே பின்னால் வருவதற்கு அணையாகும்" என்பது அவர் கணக்கு. சிலர் கேலி செய்தார்கள். நெருப்பு மலைக்குக் குழாய்த் தண்ணீரா!

செய்து பார்த்தார்கள். முதலில் சிறிய பம்புகள். பிறகு அமெரிக்காவிலிருந்து பெரிய பம்புகள் வந்தன. கொதிக்கும் பாறை மேலேயே குழாய்களை இழுத்துப் போட்டு, ஆவிக்கு நடுவே நின்று வேலை செய்தார்கள். மாதக்கணக்கில் லட்சக்கணக்கான டன் தண்ணீர் பாய்ந்தது. துறைமுகத்தின் வாசல் தப்பியது.

ஜூலை மாதத் தொடக்கத்தில் நெருப்பு அடங்கியபோது, 650 அடி உயரத்துக்கு ஒரு புதிய மலை நின்றது. சுமார் 400 வீடுகள் அழிந்திருந்தன. விஷ வாயுவினால் ஒருவர் இறந்தார். ஆனால் தீவின் பரப்பு முக்கால் சதுர மைலுக்கு மேல் கூடிவிட்டது. துறைமுகத்துக்கு முன்னால் குழம்பு இறுகி நின்றதால், அலைக்கு முன்னைவிட நல்ல மறைவும் கிடைத்தது!

ஜனங்கள் திரும்பினார்கள். 1975-ம் ஆண்டின் தொடக்கத்தில் ஐந்தில் நான்கு பங்கு மக்கள் வந்துவிட்டார்கள். வந்தவர்கள் செய்த வேலையைக் கேளுங்கள். உள்ளே இன்னும் ஆறாமல் இருந்த குழம்புக்குள் தண்ணீரைச் செலுத்தி, அந்தச் சூட்டைக் கொண்டே வீடுகளுக்கு வெந்நீர் எடுத்துக்கொண்டார்கள். வீட்டை எரித்த நெருப்பிடமே வாடகை வசூல் செய்த மாதிரி!

எண்ணூறு ஆண்டு மௌனம்

இரண்டாவது ஊரின் பெயர் கிரிண்டவிக். ரெய்க்யவிக்குக்குத் தெற்கே, ரெய்க்யனஸ் தீபகற்பத்தின் கரையில் இருக்கிறது. இதுவும் மீன்பிடி ஊர்தான். சுமார் 3,800 பேர் இருந்தார்கள்.

தட்டுகள் விலகும் வகிடு கடலிலிருந்து கரை ஏறும் இடம் இந்தத் தீபகற்பம். சுமார் 1240-ம் ஆண்டுக்குப் பிறகு இங்கே நெருப்பு வரவில்லை. எட்டு நூற்றாண்டு மௌனம். 2021 மார்ச்சில் மௌனம் கலைந்தது. 2022-ல் ஒரு தடவை, 2023-ல் ஒரு தடவை. அவை எல்லாம் ஆள் இல்லாத பள்ளத்தாக்கில். ஜனங்கள் வேடிக்கை பார்க்கப் போனார்கள்.

2023 நவம்பர் 10-ந் தேதி வேடிக்கை முடிந்தது. கிரிண்டவிக் நிற்காமல் குலுங்கியது. 9 மைல் நீளத்துக்கு உருகிய பாறை பூமிக்குள் ஆப்பு இறக்கிய மாதிரி புகுந்துகொண்டிருப்பதைக் கருவிகள் காட்டின. ஆப்பின் ஒரு முனை ஊருக்கு அடியிலேயே! இரவோடு இரவாக எல்லோரையும் வெளியேற்றினார்கள். ஊரின் நடுவே ஒரு பட்டை நிலம் மூன்றடிக்கு மேல் இறங்கிவிட்டது. தெருக்கள் பிளந்தன.

நெருப்பு வெளியே வந்தது எப்போது? டிசம்பர் 18-ந் தேதி. அதாவது, ஊர் காலியாகி ஐந்து வாரத்துக்கு மேல் ஆன பிறகு. 1973-ல் நெருப்பு வந்த பிறகு ஜனங்கள் ஓடினார்கள். 2023-ல் ஜனங்கள் போன பிறகு நெருப்பு வந்தது. ஐம்பது ஆண்டுகளில் விஞ்ஞானம் வாங்கிக் கொடுத்த வித்தியாசம் இது. நிலம் ஒரு அங்குலம் உயர்ந்தாலும் சொல்லிவிடும் கருவிகள், விண்ணிலிருந்து அளக்கும் செயற்கைக் கோள்கள், இரவு பகலாக அவற்றைப் பார்த்துக்கொண்டிருக்கும் ஆட்கள். எட்டு நூற்றாண்டு சும்மா கிடந்த இடத்தில் இவ்வளவு செலவு எதற்கு என்று கேட்டு நிறுத்தியிருந்தால், அந்த நவம்பர் இரவில் என்ன ஆகியிருக்கும்?

சுவருக்கு உள்ளேயே நெருப்பு

ஊரைக் காப்பாற்ற முயற்சி செய்யவில்லை என்று யாரும் சொல்ல முடியாது. ராட்சத யந்திரங்களைக் கொண்டுவந்து, ஊரைச் சுற்றியும் பக்கத்தில் இருந்த மின்சார நிலையத்தைச் சுற்றியும் மண்ணும் கல்லும் கொட்டிப் பெரிய கரை எழுப்பினார்கள்.

2024 ஜனவரி 14. காலையில் கரைக்கு வெளியே தரை பிளந்தது. வந்த குழம்பைக் கரை திருப்பிவிட்டது. எல்லோரும் பெருமூச்சு விட்டார்கள். மத்தியானம் இன்னொரு பிளவு திறந்தது. கரைக்கு வெளியே அல்ல. உள்ளே! வீடுகளின் ஓரத்திலேயே. மூன்று வீடுகள் எரிந்து சாம்பலாயின. தேசமே தொலைக்காட்சியில் பார்த்துக்கொண்டிருந்தது.

நமது வாதம் இந்த இடத்தில்தான் இருக்கிறது. வெளியே இருந்து வரும் குழம்பைச் சுவர் கட்டித் தடுக்கலாம், தண்ணீர் பாய்ச்சி நிறுத்தலாம். வீட்டின் கூடத்துக்கு அடியிலேயே பூமி பிளந்தால் எந்தச் சுவரைக் கட்டுவது? அதற்கு நான்கு நாள் முன்பு, ஊருக்குள் ஒரு வெடிப்பை மண் போட்டு நிரப்பிக்கொண்டிருந்த தொழிலாளி ஒருவர் அந்த வெடிப்பிலேயே விழுந்து மறைந்தார். எவ்வளவோ தேடியும் கிடைக்கவில்லை. தேடப் போனவர்களின் உயிருக்கே ஆபத்து என்று வந்தபோது தேடுவதை நிறுத்த வேண்டியதாயிற்று. எரிமலை வெடிக்கவில்லை, நெருப்பு இல்லை, சாதாரண வேலை நாள். தரை தின்றுவிட்டது.

இன்னொரு வித்தியாசமும் உண்டு. ஹெய்மேயில் நெருப்பு ஒரு தடவை வந்து, ஐந்து மாதத்தில் போய்விட்டது. கிரிண்டவிக் பக்கம் அப்படி அல்ல. அந்தத் தீபகற்பத்தின் பழைய குழம்பு அடுக்குகளை ஆராய்ந்தவர்கள் ஒரு வழக்கத்தைக் கண்டிருக்கிறார்கள். பல நூறு ஆண்டு உறக்கம். விழித்தால் இரண்டு மூன்று நூற்றாண்டுக்கு விட்டுவிட்டு நெருப்பு. போன தடவை விழித்தது கி.பி. 950-ஐ ஒட்டி. அடங்கியது 1240-ஐ ஒட்டி. இந்தத் தடவை விழித்தது 2021-ல். கிரிண்டவிக் பக்கத்துப் பிளவு வரிசையில் மட்டும் 2023 டிசம்பர் முதல் 2025 ஆகஸ்ட் வரை ஒன்பது தடவை நெருப்பு வந்துவிட்டது. ஐந்து மாதம் எதிர்த்து நிற்க வீரம் போதும். நூறு ஆண்டு எதிர்த்து நிற்பது, பேரன் பேத்தியைப் பணயம் வைக்கிற காரியம்.

ஆகவே, 1973-ல் போராடியதும் சரி. 2023-ல் விட்டுக் கொடுத்ததும் சரி. இரண்டு ஊரிலும் மனிதனின் தைரியம் ஒன்றுதான். பூமிதான் வேறு.

கிரிண்டவிக் துறைமுகத்தில் படகு வரட்டும், மீன் இறங்கட்டும், பகலில் தொழில் நடக்கட்டும். அதற்கு நாம் எதிரி அல்ல. 2024 அக்டோபரில் ஊருக்குள் ஜனங்கள் போய் வர வழியைத் திறந்துவிட்டார்கள். ஆனால் மறுபடியும் பள்ளிக்கூடத்தைத் திறந்து, தொட்டில் கட்டி, குழந்தைகளை அந்தத் தரையின் மேல் தூங்க வைப்பதற்கு அவசரம் வேண்டாம் என்றுதான் சொல்லுவோம்.

நஷ்டத்தை யார் சுமப்பது?

காலி செய் என்று சொல்வது சுலபம். பாடுபட்டுக் கட்டிய வீட்டுக்கு யார் பணம் கொடுப்பது? இந்தக் கேள்விக்குப் பதில் சொல்லாத சர்க்கார், "ஊரை விட்டுப் போ" என்று உத்தரவு போட யோக்கியதை இல்லாதது. பணம் கிடைக்காது என்று தெரிந்தால், நெருப்பு வந்தாலும் மனிதன் வீட்டை விட்டு அசைய மாட்டான். அவன் மேல் குற்றமும் இல்லை.

ஐஸ்லாந்தில் இதற்கு 1973-லேயே பதில் தேடத் தொடங்கிவிட்டார்கள். ஹெய்மேய் எரிந்தபோது, நாடு முழுவதும் வரி போட்டு நிவாரண நிதி சேர்த்தார்கள். பக்கத்து நாடுகளும் கொடுத்தன. மொத்த ஜனத்தொகை அப்போது 2 லட்சத்துக்குச் சிறிது அதிகம்! அந்த அனுபவத்தைக் கொண்டு 1975-ல் ஒரு பொது இன்சூரன்ஸ் ஏற்பாடு செய்தார்கள். எரிமலை, பூகம்பம், பனிச்சரிவு, மண்சரிவு, வெள்ளம் எதனால் கட்டிடம் போனாலும் நஷ்ட ஈடு உண்டு. எல்லாக் கட்டிடத்துக்கும் இது கட்டாயம். எரிமலையே பார்க்காத ஊர்க்காரனும் கட்டுகிறான். எரிமலைக்குப் பக்கத்து ஊர்க்காரன் பிழைக்கிறான்.

கிரிண்டவிக்கில் இன்னொரு படி மேலே போனார்கள். இடிந்த வீட்டுக்கு இன்சூரன்ஸ் கொடுக்கும். இடியாமல் நிற்கிற, ஆனால் வாழ முடியாத வீட்டுக்கு? 2024 பிப்ரவரியில் சட்டசபை ஒரு சட்டம் நிறைவேற்றியது. விற்க விரும்புகிறவர்களின் வீடுகளை சர்க்காரே ஒரு கம்பெனி வைத்து வாங்கிக்கொள்ளும். விலை, தீ இன்சூரன்ஸ் மதிப்பில் 100-க்கு 95 பங்கு. பெரும்பாலோர் விற்றுவிட்டார்கள்.

4 லட்சம் பேர் கூட இல்லாத தேசத்துக்கு இது பெரிய பாரம். ஆனால் இதில் சுயநலமும் கலந்திருக்கிறது, அது தப்பும் அல்ல. அந்த நாட்டு மக்களில் பாதிக்கு மேற்பட்டவர்கள் ரெய்க்யவிக் வட்டாரத்தில் வசிக்கிறார்கள். அது இதே தீபகற்பத்தின் ஓரத்தில் இருக்கிறது. நாளைக்கு வேறொரு பிளவு திறந்தால் யார் வீடு என்று யாருக்குத் தெரியும்? 2024 பிப்ரவரி 8-ந் தேதி குழம்பு பாய்ந்து ஒரு வெந்நீர்க் குழாயைத் துண்டித்தது. கடும் குளிர் காலத்தில் 20 ஆயிரத்துக்கு மேற்பட்டவர்களின் வீடுகள் சில்லிட்டுப் போயின. அவை கிரிண்டவிக் வீடுகள் அல்ல, அக்கம்பக்கத்து ஊர்களின் வீடுகள். தொழிலாளிகள் இரவு பகலாக வேலை செய்து புதிய குழாய் போட்டார்கள்.

வீடுகளை வாங்கும் அந்தச் சட்டத்தில் ஒரு ஏற்பாடு நமக்கு மிகவும் பிடித்திருக்கிறது. என்றைக்காவது பூமி அடங்கி, வாங்கிய வீடுகளை விற்பது என்று முடிவானால், சர்க்கார் கம்பெனி கண்டவருக்கும் விற்றுவிட முடியாது. பழைய சொந்தக்காரரைத்தான் முதலில் கேட்க வேண்டும்.